பதினோரு முறை செத்தவள்

பூஜா மலர் வந்துவிட்டது.
இந்த முறை என்னை எப்படிக் கொன்றிருக்கிறான்
என்று பார்க்கக்
கண்ணாடியைத் தேடுகிறேன்.

முதல் நாவலில் குளம்.
அப்போது என் பெயர் ஹிரண்மயி.
இரண்டாவதில் அபின்.
பிறகு காசநோய், மறுபடி குளம்.
ஒருமுறை ஹௌராவில் ரயிலேறி
எந்த நிலையத்திலும் இறங்காமல் போனேன்,
அதையும் சாவுக் கணக்கில்தான் வைத்திருக்கிறேன்.
எல்லாவற்றிலும் எனக்கு நீளக் கூந்தல்.
அண்ணன் பேரேட்டில் குனிந்திருக்கும் நேரம் பார்த்துத்
தம்பி ஜன்னலோரம் வந்து நிற்பான்.
உடனே மழை பிடித்துக்கொள்ளும்.

நிஜத்தில் எனக்கு மூட்டுவலி.
உத்தர்பாராவில், ஆற்றை ஒட்டிய சந்தில்,
அரிவாள்மணை முன்னால் கால் மடங்காமல்
முக்காலியில் உட்கார்ந்து
வாழைப்பூ ஆய்கிறேன்.
பெயர் பிரதிமா.
கரைப்பதற்குத் தோதான பெயர்தான்.

அவர் இதில் ஒன்றைக்கூடப் படித்ததில்லை.
"தம்பி நன்றாக எழுதுகிறானாம்" என்று
சணல் ஆலை அலுவலகத்தில் சொல்லிக்கொள்வார்.
புத்தகம் வந்த அன்று
ஹில்சா வாங்கி வருவார், முட்டையோடு.
நாற்பத்தொரு வருடம் ஒரே கொசுவலை.
போன மாசியில் போய்விட்டார்.
கடைசி வாரம், கஞ்சிக் கிண்ணத்தைத் தள்ளிவிட்டு,
ஒன்று கேட்டார்:
"அந்தக் குளம்
நம்ம ஊரில் எங்கே இருக்கிறது?"

இன்று மதியம் ரேபா மாடியிலிருந்து இறங்கி வந்தாள்.
சீதாங்சுவின் மனைவி, என் ஓரகத்தி.
கையில் அதே மலர், ஒரு பக்கத்தில் விரல் செருகியபடி.
கல்யாணமாகி வந்த புதிதில்
மீனில் முள் தேடுவதுபோல்
வரிவரியாகத் தடவிப் படிப்பாள்,
பிறகு நிமிர்ந்து என்னைப் பார்ப்பாள்.
இரண்டு வருடம் என்னோடு பேச்சில்லை.
ஹிரண்மயி செய்ததற்கு
எனக்குத் தண்டனை.

கேட்காமலே ஒரு கொத்தை எடுத்துக்
கள்ளனை உருவிப் போட்டுக்கொண்டே சொன்னாள்:
"தீதி, உங்களையாவது பதினோரு தடவை கொன்றார்.
நான் அதில் ஒரு தடவைகூடப்
பிறக்கவேயில்லை."

மடல் உரித்துக்கொண்டிருந்தேன்.
உள்ளே போகப் போக வெளுத்துக்கொண்டே வந்தது.

"ஏதாவது நடந்ததா?"
இருபத்தொன்பது வருடத்தில்
முதல்முறையாக வாய்விட்டுக் கேட்டாள்.

இல்லை என்றேன்.
பொய்யில்லை.

எனக்குப் பதினாறு, அவனுக்குப் பதினைந்து.
வைகாசி மதியம், காற்றாடி நின்றுபோயிருந்தது.
வடிவியல் வீட்டுப்பாடம். காம்பஸைத் தொலைத்துவிட்டு
என் சங்கு வளையைக் கேட்டான்.
கட்டினவள் கழற்றக் கூடாத வளை.
கொல்லைக் குழாயடியில் சோப்பு நுரைத்துக்
கழற்றிக் கொடுத்தேன்.
அவன் அதைச் சுற்றிப் பென்சிலை ஓட்டி முடிக்கும்வரை
நான் யாருக்கும் மனைவியில்லை,
அண்ணியுமில்லை,
ஈர மணிக்கட்டோடு நிற்கும் ஒரு பெண்.
வரைந்து முடித்துத் தலையைச் சொறிந்தான்:
"பௌதி, வளையலால் போட்ட வட்டத்துக்கு
மையம் எங்கே என்று
எப்படிக் கண்டுபிடிப்பது?"

எனக்குத் தெரியவில்லை.
வளையைப் போட்டுக்கொண்டு சோறு வடிக்கப் போனேன்.

பதினோரு நாவலிலும் இது இல்லை.
குளம், அபின், கூந்தல், மழை,
நடக்காத எல்லாமும் உண்டு.
இது வந்துவிடக் கூடாது என்றுதான்
ஒவ்வொரு முறையும் கண்ணாடி தேடுகிறேன்.
வராத ஒவ்வொரு முறையும்
கொஞ்சம் கோபம் வருகிறது.
அந்த வளையைப் போன மாசியில்
உடைத்தாயிற்று.

"பௌதி, டீ!"
மாடியிலிருந்து குரல். இன்றும் என்னைத்தான்.
ரேபா என்னைப் பார்த்தாள். பார்வை பழையது இல்லை.

"இந்தத் தடவை எப்படி?" என்றேன்.
"நூற்றுப் பதினான்காம் பக்கம். குளம்."
"மறுபடியுமா?"

சிரிப்பு அவளுக்குத்தான் முதலில் வந்தது.
கறுத்த விரல்களைச் சேலையில் துடைத்துக்கொண்டே
அடுப்பில் தண்ணீர் வைத்தாள்.
இரண்டு கோப்பைதான் எடுத்தாள்.